திராட்டில் உணரியும் பிராமாணிய விசாரமும்

ஓர் அறிவு மெய்யானது என்பது எதனால் நிலைபெறுகிறது என்னும் வினாவை இந்தியத் தத்துவ மரபு பிராமாணிய விசாரம் என்று அழைத்தது. மெய்யறிவு பிறப்பதற்கு வாயிலாக நிற்பது பிரமாணம். தமிழ்ச் சாத்திர நூல்கள் அதனையே அளவை என்று வழங்குகின்றன. அந்த வாயிலின் வழியே வந்த அறிவுக்கு உள்ள மெய்ம்மையே பிராமாணியம். அறிவு தோன்றும்போதே தன் மெய்ம்மையோடு தோன்றுகிறது, அதனை மறுக்கும் வேறோர் அறிவு எழும்வரை அதனை ஐயுறக் காரணமில்லை என்று மீமாம்சகரும் வேதாந்திகளும் கொண்டனர்; இக்கொள்கை சுவதப் பிராமாணியம், அதாவது தன்னாலேயே நிலைபெறும் மெய்ம்மை எனப்படும். அறிவின் மெய்ம்மை அவ்வறிவுக்குப் புறம்பான ஒன்றால், குறிப்பாக அதனை நம்பிச் செய்த செயல் பயன் தந்ததா என்பதால், பின்னரே தெரியவரும் என்று நையாயிகர் கொண்டனர்; இது பரதப் பிராமாணியம். மடங்களிலும் வாத மண்டபங்களிலும் நூற்றாண்டுகளாக நடந்த இவ்வழக்கு, காரின் பானட்டைத் திறந்துவைத்துப் பழுது தேடும் பட்டறையிலும் நடக்கிறது என்பதும், அங்கே இரு தரப்புக்கும் தனித்தனி இடம் உண்டு என்பதும் இக்கட்டுரையின் கருத்து.

திருமங்கலத்தையும் கொல்லத்தையும் இணைக்கும் 744ஆம் எண் தேசிய நெடுஞ்சாலையில் சுமார் 12 கிலோமீட்டர் இடைவெளியில் அமைந்த ஸ்ரீவில்லிபுத்தூரும் ராஜபாளையமும் இவ்வினாவை எழுப்பிப் பார்ப்பதற்கு ஏற்ற ஊர்கள். முன்னது பெரியாழ்வாரும் ஆண்டாளும் அவதரித்த தலம்; மதுரையில் பாண்டியன் அவையில் பிரமாணங்களைக் கொண்டு பரம்பொருளை நிர்ணயித்தவராகப் பெரியாழ்வாரைக் குருபரம்பரை நூல்கள் போற்றுகின்றன. பின்னது நூற்பாலைகளின் ஊர். நூல் எங்கே தடித்தது, எங்கே மெலிந்தது என்று உணரி கண்டு சொல்ல, அதன் சொல்லை நம்பி எந்திரம் நூலை வெட்டி மீண்டும் முடிவதை அங்குள்ள தொழிலாளர் அன்றாடம் காண்கின்றனர். உணரியின் சொல்லை எந்த அளவு நம்பலாம் என்பது இவ்விரண்டாம் ஊருக்கு வயிற்றுப்பாட்டுக் கேள்வி. நம்பத்தக்க சொல் எது என்பது முதலாம் ஊருக்குச் சமயக் கேள்வி.

ஆய்வுக்கு எடுத்துக்கொள்ளப்படும் உறுப்பு மிகச் சிறியது. பெட்ரோல் எஞ்சினுக்குள் செல்லும் காற்றைத் திராட்டில் என்னும் வட்டத் தகடு கட்டுப்படுத்துகிறது. ஓட்டுநர் ஆக்சிலரேட்டரை மிதிக்க அது திறக்கிறது, காலை எடுக்க மூடுகிறது. தகடு எவ்வளவு திறந்திருக்கிறது என்பதை எஞ்சினின் கட்டுப்பாட்டுக் கணினிக்குத் தெரிவிப்பது திராட்டில் நிலை உணரி. பட்டறைகளில் இதனை டி.பி.எஸ். என்பர். கார்புரேட்டர் காலத்தில் காற்றோட்டமே பெட்ரோலை உறிஞ்சி எடுத்துக்கொண்டதால் இத்தகைய தூதுவனுக்கு வேலை மிகக் குறைவாக இருந்தது. 2000ஆம் ஆண்டு முதல் இந்தியாவில் படிப்படியாக இறுகிய மாசுக் கட்டுப்பாட்டு விதிகள், 2020 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த பாரத் ஸ்டேஜ் 6 வரை, பெட்ரோலின் அளவைக் கணினியே கணக்கிட்டுத் தெளிக்கும் முறையைப் பொதுவாக்கின. அதனால் உணரியின் சொல்லை நம்பியே எஞ்சின் ஓட வேண்டிய நிலை ஏற்பட்டது.

பழைய வகை உணரிக்குள் கரிப்பூச்சுப் பூசிய வளைந்த தடம் ஒன்றும், அதன்மேல் உரசி நகரும் சிறு உலோக விரலும் இருக்கும். கணினி அனுப்பும் 5 வோல்ட் ஒரு ஒயரிலும், எர்த் இணைப்பு மற்றொன்றிலும் அமைய, மூன்றாவது ஒயர் விரல் நிற்கும் இடத்துக்கேற்ற வோல்ட்டைத் திருப்பிக் கொண்டுவருகிறது. திராட்டில் மூடியிருக்கும்போது பெரும்பாலான வண்டிகளில் அது 0.5 முதல் 1 வோல்ட் வரையிலும், முழுமையாகத் திறந்தால் 4 வோல்ட்டுக்கு மேலும் இருக்கும். ஆகவே கணினிக்குக் கிடைப்பது தகட்டின் நிலை அன்று, ஒரு வோல்ட் எண் மட்டுமே. அந்த எண்ணைக் கொண்டு தகடு இந்த அளவு திறந்திருக்க வேண்டும் என்று அது முடிவுக்கு வருகிறது.

இவ்விடத்தில் அளவை நூல்களின் பாகுபாடு பயன்படுகிறது. அருணந்தி சிவாசாரியார் 13ஆம் நூற்றாண்டில் இயற்றிய சிவஞான சித்தியார் அளவைகளைப் பத்தாக எண்ணும் வழக்கைச் சுட்டி, அவையனைத்தையும் காட்சி, கருதல், உரை என்னும் மூன்றில் அடக்குகிறது. காட்சி நேரே காண்பது, கருதல் காணப்பட்ட ஒன்றைக் கொண்டு காணப்படாத ஒன்றைத் துணிவது, உரை நம்பத்தக்கவரின் சொல்லால் அறிவது. விசிட்டாத்துவைத மரபும் பிரத்தியட்சம், அனுமானம், சப்தம் என்ற பெயரில் இம்மூன்றையே ஏற்கிறது. இவ்வளவுகோலின்படி கணினி செய்வது காட்சி அன்று, கருதலே. கருவிகள் சடம், அறிவது உயிரே என்பது சைவ சித்தாந்தத்தின் துணிபாதலால், கணினி அறிகிறது என்பதும் உபசார வழக்கே, அதாவது ஒன்றன் தன்மையை மற்றொன்றின்மேல் ஏற்றிச் சொல்லும் பேச்சே. உண்மையில் அறிபவர் பானட்டின் முன் நிற்கும் மெக்கானிக்.

உணரி கெடும்போது தோன்றும் அறிகுறிகள் பல. வண்டி நிற்கையில் எஞ்சினின் ஐடிலிங் ஏறியிறங்கும், ஆக்சிலரேட்டரின் குறிப்பிட்ட ஒரு நிலையில் மட்டும் வண்டி வெட்டி இழுக்கும், பிக்கப் குறையும், காலை எடுத்தவுடன் எஞ்சின் அணைந்துவிடும், டாஷ்போர்டில் செக் லைட் எரியும். தடத்தில் மிகுதியாகத் தேய்வது விரல் மிகுதியாக உலவும் பகுதியே. ஸ்ரீவில்லிபுத்தூரின் ரதவீதிகளிலும் ராஜபாளையத்தின் பஞ்சு மார்க்கெட் நெரிசலிலும் ஊர்ந்து பழகிய வண்டியில் அது திராட்டில் சிறிதளவே திறந்த பகுதியாக இருக்கும். தேய்ந்த இடத்தை விரல் கடக்கும் நொடியில் வோல்ட் சட்டென்று விழுந்து எழும். கணினியோ ஓட்டுநர் காலை எடுத்து மீண்டும் மிதித்ததாகக் கருதிப் பெட்ரோலைக் குறைத்துக் கூட்டும்.

காட்சிக்குரிய குற்றங்களாக அளவை நூல்கள் கூறும் ஐயம், திரிவு என்னும் இரண்டும் இங்கே வேறுபடுத்திக் காணத்தக்கவை. ஐயம் என்பது இதுவோ அதுவோ என்று இரண்டிடத்தும் சென்று நிற்பது. திரிவு என்பது ஒன்றை வேறொன்றாகவே துணிவது. வோல்ட் தாவித் தாவி வந்தால் கணினி ஐயத்துக்கு ஒப்பான நிலையில் இருக்கிறது. அந்நிலையைக் கண்டுபிடிப்பது எளிது, ஏனெனில் தடுமாற்றம் தானே வெளிப்பட்டுவிடும். தாவாமல், சீராக, ஆனால் உள்ளதைவிட எப்போதும் சற்றே கூடுதலாக வந்தால் அது திரிவுக்கு ஒப்பானது; அதில் தடுமாற்றம் இல்லாமையால் அதன் பொய்ம்மையை அதனுள்ளேயே நின்று அறிய வழியில்லை. அறிவின் மெய்ம்மை அதனாலேயே தெரியும் என்ற கொள்கைக்கு முதல் நெருக்கடி இங்கே எழுகிறது: பொய்யறிவும் தோன்றும்போது மெய்யறிவின் உறுதியோடுதான் தோன்றுகிறது.

பிழையான அறிவு எவ்வாறு பிறக்கிறது என்பதற்கு விடை கூறும் கொள்கைகளைக் கியாதி வாதங்கள் என்பர். கிளிஞ்சல் வெள்ளியாகத் தோன்றும்போது, வேறிடத்து வெள்ளி இங்கே உள்ளதாக அறியப்படுகிறது என்றனர் நையாயிகர். உள்ளது என்றோ இல்லது என்றோ சொல்ல முடியாத ஒரு வெள்ளி அப்போது தோன்றுகிறது என்றனர் அத்துவைதிகள். எந்த அறிவும் உள்ள பொருளையே பற்றி நிற்கிறது, இல்லாத ஒன்றை எந்த அறிவும் காட்டாது என்பது இராமானுசர் ஸ்ரீபாஷ்யத்தில் நிறுவிய நிலை. யதார்த்த கியாதி என்று இது வழங்கப்படும். பித்தம் மிகுந்த கண்ணுக்குச் சங்கு மஞ்சளாகத் தோன்றுவதற்கு அவர் தரும் விளக்கம் இங்கே சிறப்பாகப் பொருந்துகிறது: அந்த மஞ்சள் பொய்யன்று, கண்ணில் உள்ள பித்தத்தின் மெய்யான மஞ்சளே, அது சங்கினுடையதாகக் கொள்ளப்பட்டதில்தான் பிழை.

துருப்பிடித்த எர்த் இணைப்பால் உணரியின் வோல்ட் கூடுதலாக வரும் வண்டியில் நிகழ்வதும் இதுவே. மூன்றாவது ஒயரில் 1.1 வோல்ட் இருப்பதாக மீட்டர் காட்டினால் அந்த 1.1 வோல்ட் மெய்யாகவே அங்கே இருக்கிறது. அதில் ஒரு பகுதி துருவின் தடையால் விளைந்தது, அப்பகுதியும் மெய்யே. அதனைத் திராட்டிலின் திறப்பாகக் கொண்டதுதான் பிழை. இவ்வாறு பார்க்கும்போது பழுது தேடுபவரின் கேள்வியே மாறிவிடுகிறது. உணரி பொய் சொல்கிறதா என்று கேட்பவர் அதனைக் கழற்றி எறிவதில் முடிப்பார். உணரி சொல்லும் இந்த மெய் எதனைப் பற்றிய மெய் என்று கேட்பவரோ ஒயரின் வழியே பின்சென்று, பித்தம் எங்கே இருக்கிறது என்று கண்டுபிடிப்பார். இராமானுசருக்குத் திருப்பாவை ஜீயர் என்ற பெயருண்டு. ஆண்டாளின் நேர்ச்சையை நிறைவேற்றியதால் கோயில் அண்ணன் என்று ஸ்ரீவில்லிபுத்தூர் மரபு அவரை உறவு வைத்து அழைக்கிறது. அவரது பிழைக் கொள்கை அவ்வூரின் பக்திக்கு மட்டுமல்லாமல் அவ்வூர்ப் பட்டறைக்கும் பொருள் உடையதாகிறது.

அறிகுறியிலிருந்து காரணத்துக்குச் செல்லும் வழி கருதல் அளவையாதலால், அதில் நேரும் வழுக்களையும் கவனிக்க வேண்டும். ஸ்கேனரை வண்டியில் பொருத்தினால் பி0122 என்ற குறி வரக்கூடும். உணரியின் சுற்றில் வோல்ட் மிகக் குறைவு என்பது அதன் பொருள். பி0123 வந்தால் வோல்ட் மிக அதிகம். பி0121 வந்தால் வோல்ட் எல்லைக்குள் இருந்தாலும் மற்ற உணரிகளின் செய்தியோடு பொருந்தவில்லை. இக்குறிகளில் எதுவும் உணரி கெட்டுவிட்டது என்று கூறவில்லை. ஆனால் குறி வந்தவுடன் புதிய உணரியை வாங்கிப் பொருத்திவிடுவது பரவலான பழக்கமாக இருக்கிறது.

சீத்தலைச் சாத்தனாரின் மணிமேகலையில் 29ஆம் காதையான தவத்திறம் பூண்டு தருமங் கேட்ட காதை, பௌத்த தருக்கத்தின் அனுமான உறுப்புகளையும் அவற்றின் போலிகளையும் விரிவாகக் கூறுகிறது. ஏது என்பது முடிவுக்குச் சான்றாகக் காட்டப்படும் காரணம். ஏதுவைப் போலத் தோன்றி முடிவைத் தராமல் போவது ஏதுப்போலி. அது அசித்தம், அநைகாந்திகம், விருத்தம் என மூவகைப்படும். அநைகாந்திகம் என்பது நிறுவ வேண்டிய பொருள் உள்ள இடத்திலும் இல்லாத இடத்திலும் ஒருங்கே காணப்படும் ஏது. புகை நெருப்பை நிறுவுவது, நெருப்பில்லாத இடத்தில் புகை இராமையால். வோல்ட் குறைவோ உணரி நன்றாக இருக்கும்போதும் ஒயர் அறுந்ததாலோ, ஒயர்களை உணரியோடு இணைக்கும் கப்ளருக்குள் பச்சைத் துரு பூத்ததாலோ, 5 வோல்ட் வந்து சேராததாலோ நேரலாம். எனவே பி0122 என்ற குறியை மட்டும் ஏதுவாகக் காட்டி உணரி கெட்டது என்று முடிப்பது, அக்காதை கூறும் அநைகாந்திகத்தின் தெளிவான எடுத்துக்காட்டு. ஐடிலிங் ஏறியிறங்குவதும் அவ்வாறே; திராட்டிலின் விளிம்பில் படிந்த கரியும், காற்றுக் குழாயின் கசிவும், ஐடிலிங் காற்றைக் கட்டுப்படுத்தும் வால்வின் கோளாறும் அதே அறிகுறியைத் தரும்.

ஆகவே முறையான ஆய்வு ஏனைய காரணங்களை ஒவ்வொன்றாக விலக்கிச் செல்கிறது. இக்னிஷனைப் போட்டு, எஞ்சினை இயக்காமல், கப்ளரில் 5 வோல்ட் வருகிறதா என்று முதலில் பார்க்க வேண்டும். வராவிட்டால் குற்றம் உணரிக்கு முன்பே இருக்கிறது. அடுத்து எர்த் இணைப்பு சரியாக உள்ளதா என்று பார்க்க வேண்டும். அதன்பின் மூன்றாவது ஒயரில் மீட்டரை வைத்து, திராட்டிலைக் கையால் மிக மெதுவாகத் திறந்து மூட, வோல்ட் தடையின்றி ஏறி இறங்க வேண்டும். நொடியில் வந்துபோகும் வீழ்ச்சியை எண்கள் காட்டும் மீட்டர் தவறவிடக்கூடுமாதலால் முள் மீட்டரோ ஆஸிலோஸ்கோப்போ இதற்குச் சிறந்தது. திறக்கும்போது ஒயரையும் கப்ளரையும் மெல்ல அசைத்துப் பார்ப்பதும் தேவை. அசைத்தால் மட்டும் வோல்ட் தாவுமானால் குற்றவாளி வேறு. இத்தனைக்கும் பிறகு ஒரே இடத்தில் வோல்ட் திரும்பத் திரும்ப விழுமானால், உணரியின் தடம் தேய்ந்தது என்பது ஐயம் நீங்கிய முடிவாகும்.

இந்த ஆய்வில் மெக்கானிக் மீட்டரை நம்புகிறார். மீட்டர் சரி என்பதற்குச் சான்று என்ன? மீட்டரைச் சோதிக்க இன்னொரு மீட்டர், அதனைச் சோதிக்க மற்றொன்று என்று போனால் முடிவே இராது. இதனை அநவஸ்தை, அதாவது எங்கும் நில்லாமல் பின்னோக்கிச் செல்லும் வழு என்பர். பரதப் பிராமாணியத்துக்கு எதிராக மீமாம்சகர் எழுப்பிய தடை இதுவே. எங்கோ ஓரிடத்தில் ஏதோ ஒன்றைச் சோதிக்காமலேயே நம்பியாக வேண்டும். அவ்வாறு நம்பாதவர் பானட்டைத் திறக்கவும் முடியாது. ஆயினும் எல்லாவற்றையும் அவ்வாறே நம்பினால் திரிவிலிருந்து மீள வழியில்லை.

காரின் கணினி இந்த இக்கட்டைக் கையாளும் விதம் கருதத்தக்கது. இயல்பாக அது உணரியின் சொல்லை நொடிதோறும் சோதனையின்றி ஏற்கிறது. அதே வேளையில் உட்குழாயின் காற்றழுத்தத்தையும் எஞ்சினின் சுழற்சி வேகத்தையும் கூறும் வேறு உணரிகளின் செய்தியோடு அதனை ஒப்பிட்டு, முரண் எழுந்தால் மட்டும் அதனை மறுக்கிறது. ஆக்சிலரேட்டருக்கும் திராட்டிலுக்கும் இடையே கேபிள் இல்லாமல் மோட்டாரே தகட்டை இயக்கும் புதிய வண்டிகளில் ஒரே உணரிக்குள் இரண்டு அளவுகள் இருக்கும். இரண்டும் தம்முள் ஒவ்வாவிட்டால் கணினி வேகத்தைக் கட்டுப்படுத்தி, பட்டறை வரை ஊர்ந்து செல்லும் அளவுக்கே வண்டியை விடும். நம்பிக்கை இயல்பு, ஐயத்துக்கே காரணம் வேண்டும் என்ற வேதாந்த நிலையை எந்திரமும், பயன் கண்டே துணிய வேண்டும் என்ற நியாய நிலையை மெக்கானிக்கும் பின்பற்றுகின்றனர் எனலாம். சமய மரபிலும் இவ்விரண்டும் ஒருங்கே நின்றதைக் காண முடிகிறது: வேதம் தன்னாலேயே பிரமாணம் என்று கொண்ட வைணவ மரபே, பெரியாழ்வார் பரத்துவத்தை உரைத்தபோது பாண்டியன் வல்லபதேவன் கட்டிவைத்த பொற்கிழி தானே தாழ்ந்தது என்ற புற அடையாளத்தையும் போற்றிப் பாதுகாத்தது.

உணரியை மாற்றும் வேலை சிறிது. இக்னிஷனை அணைத்து, பேட்டரியின் எதிர்முனையைக் கழற்றி, கப்ளரை விடுவித்து, பெரும்பாலும் இரண்டே திருகுகளால் பொருத்தப்பட்ட பழைய உணரியை, அது இருந்த கோணத்தைக் குறித்துக்கொண்ட பின் எடுக்க வேண்டும். திராட்டில் மூடிய நிலையில் புதியதை அச்சில் பொருத்தி, திருகுத்துளை நீளமாக உள்ள வகையானால் மூடிய நிலை வோல்ட் அந்த எஞ்சினுக்குரிய அளவுக்கு வரும்வரை திருப்பி வைத்து முடுக்க வேண்டும். பின்னர் ஸ்கேனரில் பழைய குறிகளை அழித்து, தேவைப்படும் வண்டிகளில் ஐடிலிங்கைக் கணினி மீண்டும் கற்கச் செய்ய வேண்டும்.

ஆனால் மாற்றியபின் வண்டி சரியாக ஓடுவது, பழைய உணரிதான் குற்றவாளி என்பதற்குப் போதிய சான்றாகாது. கப்ளரைக் கழற்றி மாட்டியதிலேயே அதன் முனைகள் உரசித் தூய்மையாகி, பழுது சில நாள் மறைந்திருக்கக்கூடும். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதையைக் காகதாலீய நியாயம் என்று தருக்க நூலார் கூறி, அடுத்தடுத்து நிகழ்வதைக் காரண காரியமாகக் கொள்ளலாகாது என்று எச்சரித்தனர். இதற்கு மாற்றாக அவர்கள் கூறுவது அந்வய வியதிரேகம், அதாவது ஒன்று உள்ளபோது மற்றொன்று உளதாதலையும் இல்லாதபோது இலதாதலையும் சேர்த்தே பார்ப்பது. பழைய உணரியைத் திரும்ப மாட்டினால் பழுதும் திரும்புகிறதா என்று ஒருமுறை பார்த்துவிடுவது இச்சோதனையின் எளிய வடிவம்.

அவசர மாற்றத்தைப் பற்றிய ஆழ்ந்த சிந்தனையொன்று ஸ்ரீவில்லிபுத்தூரின் தல வரலாற்றிலேயே இருக்கிறது. அவ்வூர்ப் பெருமாளான வடபெருங்கோயிலுடையானுக்குத் தொடுத்த மாலையை ஆண்டாள் சூடிப் பார்த்ததைக் கண்ட பெரியாழ்வார், அது பழுதுபட்டது என்று துணிந்து ஒதுக்கினார். வேறு மாலை சாத்தினார் என்று கூறும் வழக்கும் உண்டு. இறைவனோ அவள் சூடிய மாலையே தனக்கு உவப்பானது என்று கனவில் உணர்த்தினான். இங்கே பெரியாழ்வாரின் காட்சியில் பிழை இல்லை. மாலை சூடப்பட்டது உண்மை. சூடப்பட்டதனால் தகுதியற்றது என்ற கருதலே, ஏற்பவனைக் கேளாமல் செய்யப்பட்டதால் நிலைக்கவில்லை. குற்றம் என்பது பொருளில் தனித்துக் கிடப்பதன்று, அது எதற்காக, யாருக்காக என்ற தொடர்பில்தான் தீர்மானமாகிறது என்பது இவ்வரலாறு தரும் தெளிவு. 0.9 வோல்ட்டும் அவ்வாறே தன்னளவில் குற்றமுமன்று, குணமுமன்று. ஓர் எஞ்சினுக்கு அது சரியான அளவு, வேறோர் எஞ்சினுக்குப் பழுதின் அடையாளம். ஒப்புமைக்கு எல்லையும் உண்டு: அடியாரின் குற்றத்தையே இன்பமாகக் கொள்வது இறைவனின் வாத்சல்யம் என்று பிள்ளை லோகாசாரியார் மரபு பேசும், எஞ்சினுக்கு வாத்சல்யம் கிடையாது.

எஞ்சியது உரை அளவை. வண்டியின் உரிமையாளருக்கு மீட்டரும் தெரியாது, குறியும் தெரியாது. உணரி போய்விட்டது என்ற மெக்கானிக்கின் சொல்லே அவருக்குப் பிரமாணம். நம்பத்தக்க சொல்லுக்குரியவரை ஆப்தர் என்ற நியாய நூலுக்கு உரை கண்ட வாத்ஸ்யாயனர், பொருளை நேரே அறிந்தவராகவும், அறிந்தபடியே சொல்ல விரும்புபவராகவும் இருப்பவரே ஆப்தர் என்று இலக்கணம் கூறி, இவ்விலக்கணம் முனிவருக்கும் ஆரியருக்கும் மிலேச்சருக்கும் பொது என்றார். இதன்படி பட்டறை மெக்கானிக்கும் ஆப்தராகலாம். ஆனால் சோதித்தறியாமல் சொன்னால் முதற்பாதியிலும், சோதித்தும் வேறு பாகத்தின் விலையை வாங்க மாற்றிச் சொன்னால் பிற்பாதியிலும் அத்தகுதியை இழக்கிறார். திருக்குறளின் மருந்து அதிகாரம் நோயையும் அதன் முதலையும் தணிக்கும் வழியையும் ஆராய்ந்த பின்னரே செயலில் இறங்க வேண்டும் என்று மருத்துவனுக்கு வகுத்த வரிசை, நோயாளியின் நலத்தோடு அவனது நம்பிக்கையையும் காப்பதற்குரியது.

ஆகவே பழுதான உணரியைக் கண்டறிவது தொழில்நுட்பம் மட்டுமன்று, அளவை ஒழுக்கமும் ஆகும். அறிவை நம்பித் தொடங்குவதும், முரண் எழுந்தால் அதனைப் புறச்சான்றால் சோதிப்பதும், சோதிக்கும்வரை எதனையும் குற்றவாளியாக்காமல் இருப்பதும் அவ்வொழுக்கத்தின் மூன்று பகுதிகள். இவற்றுள் மூன்றாவதைக் கைவிடுவோரே மிகுதி. காரை ஒப்படைக்கும் ஒவ்வொருவரும், எந்தப் பாகத்தை மாற்ற வேண்டும் என்று கேட்பதற்கு முன், எதைச் சோதித்து அம்முடிவுக்கு வந்தீர்கள் என்று கேட்கட்டும். சமயத்தின் பெயராலும் அரசியலின் பெயராலும் தமக்குச் சொல்லப்படுபவற்றைப் பற்றியும் அதே கேள்வியைக் கேட்கட்டும்.